செம்பு காயட்டும்

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். நன்றாகச் சாப்பிடுகிறேன், தூங்குகிறேன். நீங்கள் முதலில் தேடுவது இதைத்தான். முழங்கால் வீக்கம் வடிந்ததா? அம்மாவுக்குத் தெரியாமல் மாடி ஏறாதீர்கள்.

நான் வேலை பார்க்கும் பழைய உலோகக் கம்பெனியில், துத்தநாகமும் செம்பும் கலந்த தூள் மூட்டை மூட்டையாக வரும். அதில் ஒரு பிடி எடுத்து ஆசிட் ஊற்றினால் துத்தநாகம் நுரைத்துக் கரைந்துவிடும். மிஞ்சும் செம்பைக் கழுவி, காயவைத்து, எடை போட்டு எவ்வளவு செம்பு என்று எழுதித் தர வேண்டும். நேற்று மேனேஜர் வந்து குதித்தார்.

“லாரி நிக்குதும்மா. ஈரத்தோடயே எடை போட்டுக் குடு.”

“தண்ணியும் செம்பு விலைக்குப் போயிடும் சார். காயட்டும்.”

“நேத்து வந்துட்டு எனக்கே பாடம் எடுக்கிறியா?”

முகத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். நான் அசையவில்லை, காய்ந்த பிறகுதான் எழுதினேன். இன்று காலையிலிருந்து அவர் பேசவில்லை. இங்கே என்னோடு பேசுகிற ஒரே ஆளும் அவர்தான்.

ஆசிட் தெறித்து என் சட்டையில் சின்ன ஓட்டை, கையில் படவில்லை. உங்கள் பழைய முழுக்கைச் சட்டை ஒன்று அனுப்புங்கள். துவைக்காமல் அனுப்பினாலும் சரி.

இன்றைய செம்பு காயும் நேரத்தில்தான் இதை எழுதுகிறேன். கதவருகே அவர் குரல் கேட்கிறது: “காஞ்சிடுச்சாம்மா?”

இன்னும் இல்லை என்று சொல்லப் போகிறேன்.

உங்கள் மகள்