தொடு எண் பன்னிரண்டு

பிப்ரவரி 25, ஞாயிறு

காலையிலேயே சாப்பாட்டு மேசையைத் துடைத்துக் கட்டம் போட்ட விரிப்பை விரித்தாயிற்று. கொழுந்தன் வாரம் முழுக்க மூக்குக்கண்ணாடிக் கடையில் கண்ணாடி தேய்ப்பவன். ஞாயிறு வந்தால் பகடை உருட்டி ஆடுகிற கதை விளையாட்டு; பேய், பூதம், பாதாளக் குகை எல்லாம் அவன் கையில். அவன் சொல்லச் சொல்ல நாங்கள் மூன்று பேர் அந்தக் கதைக்குள் நடக்க வேண்டும். வீட்டுக்காரர் திருடன். நாத்தனார் வைத்தியச்சி. நான் இரும்புச் சட்டை போட்ட குள்ளன், இடுப்பு வரை தாடி. என் தாடியைப் பற்றி வீட்டுக்காரர் பேசினால் அவர் வழுக்கையைப் பற்றி நான் பேசுவேன் என்று ஒப்பந்தம்.

இன்று என் குள்ளனுக்குக் கேடயம் கிடைத்தது. உட்கார்ந்து தற்காப்பு எண்ணைக் கூட்டினேன். எல்லாருக்கும் பத்து உண்டு. சட்டைக்கு எட்டு, கேடயத்துக்கு இரண்டு, சுறுசுறுப்புக்கு ஒன்று, மந்திர மோதிரத்துக்கு ஒன்று. ஆக இருபத்திரண்டு. எதிரியின் பகடைக் கூட்டல் அந்த எண்ணை எட்டினால்தான் எனக்கு அடி. அஞ்சாம் வகுப்போடு நின்றவள், விரல் விட்டுத்தான் எண்ணினேன். ஆனால் சரியாக வந்தது.

தொடு எண்ணையும் எழுதச் சொன்னாள் நாத்தனார். அதுவும் இருபத்திரண்டுதானே என்றேன். இல்லையாம். சும்மா விரல் பட்டாலே உயிரை உறிஞ்சுகிற பேய்க்கு இரும்புச் சட்டை ஒரு பொருட்டே இல்லை. சட்டை மேல் பட்டாலும் பட்டதுதான், கேடயத்தின் மேல் பட்டாலும் பட்டதுதான். தோல் எத்தனை தடியாக இருந்தாலும் உதவாது. அப்படியானால் உன் அண்ணனுக்குப் பிழைக்க வழியே இல்லை என்றேன். மேசையில் தலையை வைத்துச் சிரித்தாள். ரொம்பக் குட்டி உருவமாக இருந்தால் எண் கொஞ்சம் கூடுமாம். என் குள்ளன் அந்த அளவுக்குக் குள்ளன் இல்லையாம். இது என்ன கொடுமை.

பத்து, சுறுசுறுப்பு ஒன்று, மோதிரம் ஒன்று. பன்னிரண்டு. அவளே என் கணக்குத் தாளில் எழுதி வட்டம் போட்டுக் கொடுத்தாள்.

மார்ச் 3, ஞாயிறு

வைத்தியச்சி செத்துப்போனாள்.

கல்லறைக்குள் சாம்பல் நிறப் பேய். நான் முன்னால், அவள் என் முதுகுக்குப் பின்னால். கத்தி வெட்டுப்பட்ட திருடனுக்கு வைத்தியம் பார்த்தே தன் பலத்தையெல்லாம் தீர்த்திருந்தாள். உயிர் நாலே நாலு மிச்சம். அந்தப் பேய் ஒருத்தரைத் தொட்டுவிட்டால் அவரையே பிடித்துக்கொள்ளுமாம். தவறினால் அடுத்த ஆள் மேல் பாயுமாம். முதலில் என் மேல் வந்தது. கூட்டல் பதிமூன்று. தொடு எண் என்ன என்று கொழுந்தன் கேட்டான். பதினாலு என்றேன். தப்பித்தேன். பேய் அவள் மேல் பாய்ந்தது. முடிந்தது.

மூன்று வருஷம் அந்த வைத்தியச்சியாக இருந்திருக்கிறாள். ஆஸ்பத்திரியில் டோக்கன் கொடுக்கிற வேலை அவளுக்கு. நாள் முழுக்க வரிசையில் நிற்கிறவர்கள் அவளைத் திட்டுவார்கள். ஞாயிற்றுக்கிழமை வைத்தியச்சி எங்களைத் திட்டுவாள். குகை நடுவில் நின்று, "யாராவது கையக் கழுவினீங்களாடா" என்று பூதத்தையும் சேர்த்துக் கேட்பாள். அந்தக் குரலை வேறு எங்கேயும் அவள் எடுத்ததில்லை.

தாளை நாலாக மடித்து எடுத்துக்கொண்டு பின் அறைக்குப் போய்விட்டாள்.

மார்ச் 4, திங்கள்

டீ கொடுத்தேன். வாங்கிக்கொண்டாள். என் முகத்தைப் பார்க்கவில்லை.

மார்ச் 7, வியாழன்

நான் வேலை பார்க்கும் சலவைக்கூடத்தில் இரண்டு படுக்கை விரிப்பை இஸ்திரி உருளையில் கோணலாக விட்டுவிட்டேன். விரிப்பின் மறுமுனையைப் பிடிக்கிறவள், "என்னக்கா, வாயக் காணோம் இன்னைக்கு? வீட்டுலயே வச்சுட்டு வந்துட்டியா?" என்றாள். ஆமாம், அதைக் கொஞ்சம் அங்கேயே விட்டிருக்கலாம்.

எழுதாமல் இருக்க முடியவில்லை. எழுதிவிடுகிறேன்.

அது கணக்குத் தெரியாமல் சொன்னதில்லை. தாளில் பன்னிரண்டு இருந்தது. வட்டத்தோடு இருந்தது. நான் எப்போதும் செய்கிற சேட்டைதான். போன மாசம் உயிர் எவ்வளவு மிச்சம் என்று கேட்டபோது தொள்ளாயிரம் என்றேன், கொழுந்தன் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டான், எல்லாரும் சிரித்தோம். அது மாதிரி, பேய்க்குப் பதிமூன்று என்றதும் முகத்தை நேராக வைத்துக்கொண்டு பதினாலு என்றேன். கேடயத்தைச் சேர்த்துவிட்ட மாதிரி. யாராவது பிடிப்பார்கள், "அண்ணி!" என்று கத்துவார்கள், சிரித்துவிட்டு அடியை வாங்கிக்கொள்ளலாம் என்றுதான்.

யாரும் பிடிக்கவில்லை. கொழுந்தன் யார் தாளையும் எட்டிப் பார்க்கிறவன் இல்லை. சரி என்று அடுத்த பகடையை எடுத்துவிட்டான். நாத்தனார் மட்டும் என்னைப் பார்த்தாள். அப்போது சொல்லியிருக்கலாம். வாயைத் திறக்கவும் திறந்தேன் — ஏன் மூடினேன்?

ஏனென்றால் ஒரு நொடி எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அடி படவில்லை என்று. அட்டையில் வெட்டின ஒரு குள்ளனுக்கு அடி படவில்லை என்று! அந்த ஒரு நொடிக்குள் பகடை உருண்டு முடிந்துவிட்டது. என் குள்ளனுக்கு உயிர் அறுபது இருந்தது. பேய் பிடித்திருந்தாலும் சும்மா சிராய்ப்புதான்.

மார்ச் 10, ஞாயிறு

விரிப்பை விரித்தோம். அவள் வரவில்லை. தலைவலியாம்.

வீட்டுக்காரர் சொல்கிறார், ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் பெண்கள் விடுதியில் அறை இருக்கிறதா என்று அவள் விசாரித்துக்கொண்டிருக்கிறாளாம். பஸ் நெரிசல் தாங்க முடியவில்லையாம். நாலு வருஷமாகத் தாங்கின பஸ்.

அவர் இதைச் சாதாரணமாகத்தான் சொன்னார். நான் வெங்காயத்தோடு விரலையும் நறுக்கிக்கொண்டேன்.

மார்ச் 13, புதன்

சொல்லிவிட வேண்டும் என்று பின் அறை வாசல் வரை போனேன். உள்ளே துணி மடித்துக்கொண்டிருந்தாள். "என்ன நாத்தனாரே, கடை போடப் போறியா?" என்று கேட்டுவிட்டு வந்துவிட்டேன். என் நாக்கை என்ன செய்வது? நல்லதைச் சொல்ல அனுப்பினாலும் கேலியைத்தான் தூக்கிக்கொண்டு போகிறது.

மார்ச் 17, ஞாயிறு

சொல்லிவிட்டேன்.

மேசையில் மூன்று பேரும் இருந்தோம். அவள் தண்ணீர் பிடிக்க அடுப்படிக்கு வந்தாள். போய்விடுவாளோ என்று அவசரத்தில் எழுந்து நின்று சொன்னேன். அன்றைக்கு என் தொடு எண் பன்னிரண்டு, தெரிந்தேதான் பதினாலு என்றேன், வைத்தியச்சி செத்தது என்னால் என்று.

கொழுந்தன் சிரித்தான். ஆறுதலுக்காகக் கதை கட்டுகிறேனாம். வீட்டுக்காரரும் சிரித்தார், இவள் சொன்னதில் எதை நம்பினோம், இதை நம்ப என்று. தாளை எடுத்து மேசையில் போட்டேன். கொழுந்தன் வட்டத்தைப் பார்த்தான். அதற்கப்புறம் யாரும் சிரிக்கவில்லை. இருபது வருஷம் இந்த வீட்டில் எல்லாரையும் சிரிக்க வைத்திருக்கிறேன். ஒரு உண்மையைச் சொல்லி நம்ப வைக்கச் சாட்சிக்குத் தாள் வேண்டியிருக்கிறது.

அவள் குழாயை மூடினாள்.

"எனக்குத் தெரியும் அண்ணி. பன்னெண்டுன்னு எழுதிக் குடுத்ததே நான்தானே."

அப்புறம் ஏம்மா அன்றைக்கே கேட்கவில்லை என்றேன்.

"நீங்களே சொல்லுவீங்கன்னு பார்த்தேன்."

அந்த ஆட்டத்தைத் திரும்ப ஆடலாம், வைத்தியச்சி சாகவே இல்லை என்று வைத்துக்கொள்ளலாம் என்றான் கொழுந்தன். வேண்டாம் என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

என் பக்கம் திரும்பி, "அந்த வீட்டுல இருந்த வரைக்கும், யார் என்ன சொன்னாலும் மூஞ்சியப் பார்த்துப் பார்த்துத்தான் எது நெசம்னு கண்டுபிடிக்கணும் அண்ணி. இங்க வந்தப்புறம்தான் அத விட்டேன். மறுபடியும் பார்க்க வச்சிட்டீங்க" என்றாள்.

அந்த வீடு என்றால் அவள் கல்யாணம் கட்டிப் போன வீடு. நாலு வருஷத்துக்கு முன் ஒரே பெட்டியோடு திரும்பி வந்தாளே, அந்த வீடு. அவள் வாயிலிருந்து அதைப் பற்றி இவ்வளவு நீளமாக இன்றைக்குத்தான் கேட்கிறேன்.

நானும் அவர்களும் ஒன்றா? இல்லை என்று சொல்லத்தான் ஆசை. பதினாலு என்று சொன்ன வாய் இது.

மார்ச் 18, திங்கள்

வாரத்தில் ஆறு நாள் அவளோடு உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறேன். ஒரு நாளாவது கேலி பண்ணாமல் ஏதாவது கேட்டேனா?

மார்ச் 30, சனி

அறை கிடைத்துவிட்டது. காலையில் வீட்டுக்காரர் சாமான்களை ஆட்டோவில் ஏற்றினார். இரண்டு பெட்டி, ஒரு மின்விசிறி, தலையணை. என்னைப் பற்றி ஒரு வார்த்தை குறையாகச் சொல்லவில்லை. பஸ் தொல்லை இனி இல்லை என்று எல்லாரிடமும் சொன்னாள். என்னிடமும் அதையேதான் சொன்னாள்.

நான் இஸ்திரி போட்டு வைத்த நாலு விரிப்புகளைக் கொடுத்தேன். "நல்லா இருக்கு அண்ணி" என்றாள். மன்னித்துக்கொள் என்று சொன்னேன், கேலி கலக்காமல். தலையை ஆட்டினாள். சரி என்றா, பார்க்கலாம் என்றா, தெரியவில்லை. கேட்கவும் இல்லை.

ஏப்ரல் 7, ஞாயிறு

மூன்று பேர் ஆடினோம். குகைக்குள் யாரும் யாரையும் திட்டவில்லை. பதினொரு மணிக்கே மூட்டை கட்டிவிட்டோம்.

ஏப்ரல் 28, ஞாயிறு

இன்று வந்தாள்.

கொழுந்தன்தான் கூப்பிட்டிருக்கிறான். எனக்குத் தெரியாது, கதவைத் திறந்தால் நிற்கிறாள். உள்ளே வாம்மா என்பதற்கு மேல் எதுவும் வரவில்லை. வீட்டுக்காரர் என்னைப் பார்த்து, உடம்பு சரியில்லையா என்று கேட்டார்.

புது ஆளோடு வந்திருக்கிறாள். வில்லுக்காரி. வைத்தியம் கிடையாது, திட்டவும் மாட்டாள். காயை வாசல் ஓரக் கட்டத்தில் வைத்தாள். என் குள்ளன் நின்றதிலிருந்து எட்டுக் கட்டம் தள்ளி. வில்லுக்காரிக்கு அங்கே நின்றால்தான் வசதி, அது நியாயம்தான். நான் என் காயை நகர்த்தவில்லை.

பிற்பகல் ஒரு சூனியக்காரன் குள்ளனைத் தொட வந்தான். கூட்டல் பன்னிரண்டு. சரிசமமாக வந்தாலும் பட்டதுதான். கொழுந்தன் கேட்பதற்குள், பன்னிரண்டு, பட்டுவிட்டது என்று சொல்லிவிட்டேன்.

பட்டதைப் பட்டது என்றுதான் சொன்னேன். அதில் எனக்கு ஒரு லாபமும் இல்லை. ஆனாலும் அவள் கழுத்தை நீட்டினாள். தாளை அவள் பக்கம் திருப்பி வைத்தேன். பத்து, ஒன்று, ஒன்று என்று விரலால் கூட்டிப் பார்த்தாள்.

"சரியா இருக்கு" என்றாள் கொழுந்தனிடம்.

முன்பெல்லாம் நான் சொன்னால் போதும்.