மோதிர விரலில் பாதி

ஜூன் 11, செவ்வாய்

இன்றைக்கும் ரவிக்கைக் கொக்கி போட ஷியாமளாவைக் கூப்பிட வேண்டியிருந்தது. மருமகள் முகம் சுளிக்கவில்லை. சுளித்திருந்தால் சண்டையாவது போட்டிருப்பேன். "ஆச்சும்மா, ஆச்சு" என்று தோளைத் தட்டிவிட்டுப் போகிறாள். எழுபது வயதில் என்னைத் தட்டிக்கொடுக்கிறார்கள்.

விடிந்து எழுந்தால் வலது கை என்னுடையதாகவே இல்லை. கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல் மூன்றும் பஞ்சு சுற்றினதுபோல். உதறு உதறு என்று உதறினால் கொஞ்சம் தேவலை. சுண்டுவிரலுக்கு ஒன்றும் இல்லை. மோதிர விரலில் பாதிதான் மரத்திருக்கிறது, நடுவிரலைப் பார்த்த பாதி. ஹேர்பின்னால் குத்திப் பார்த்துத்தான் சொல்கிறேன். ஒரு தடவை இல்லை, பத்துத் தடவை குத்தியாகிவிட்டது.

சாப்பிடும்போது என் பிள்ளை வைத்தியிடம் சொன்னேன். சிரித்தான்.

"அரை விரல் எங்கேயாவது மரத்துப்போகுமாம்மா? போனா முழுசாப் போகணும்."

"என் விரல்டா. எதுவரைக்கும் போயிருக்குன்னு எனக்குத் தெரியாதா?"

"சரி சரி, மாத்திரை போட்டுண்டியோ?"

போட்டுக்கொண்டேன். பத்து மாதமாக அந்த நரம்பு மாத்திரையைப் போட்டுக்கொண்டுதான் இருக்கிறேன். தூக்கம் வருகிறது. விரல் வரவில்லை.

ஜூன் 13, வியாழன்

கடுகு டப்பா கை நழுவி, வீடு முழுக்கக் கடுகு. "நீங்கோ எதுக்கும்மா எடுக்கறேள்?" என்கிறாள். என் அடுக்களையில் நான் எதற்கு எடுக்கிறேனாம்!

ஜூன் 18, செவ்வாய்

குளித்துவிட்டு வந்து ஜன்னல் வெளிச்சத்தில் இரண்டு கையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். இடது கையில் கட்டைவிரலுக்கு அடியில் சதை மேடாக இருக்கிறது. வலது கையில் அந்த இடம் குழி. தேய்ந்த சோப்பு மாதிரி. இந்தக் கை போய்விட்டால் எனக்கு என்ன மிச்சம்?

வைத்தியைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

"வயசாச்சும்மா."

"இடது கைக்கு மட்டும் வயசாகலையா?"

ஆபீஸ் கால் வந்துவிட்டது அவனுக்கு.

பேசிப் பிரயோஜனம் இல்லை. இந்த நோட்டின் அடுத்த பக்கத்தில் கையை வைத்துச் சுற்றிக் கோடு போட்டிருக்கிறேன். மரத்த இடத்தையெல்லாம் பேத்தி சஹானாவின் பென்சிலால் கறுப்பாக்கினேன். மோதிர விரலில் நடுவே ஒரு கோடு, அதில் ஒரு பக்கம் மட்டும் கறுப்பு. பென்சில் மூன்று தடவை விழுந்தது. இருந்தாலும் முடித்தேன்.

ஜூன் 23, ஞாயிறு

ஷியாமளா கல்கத்தாவுக்கு அக்கரையில், சாந்த்ராகாச்சியில் அவள் அண்ணா வீட்டுக்குப் போயிருக்கிறாள். தினம் மாத்திரையை அவள்தான் எடுத்துத் தருவாள். இன்றைக்குப் பேத்தியைக் கேட்டேன். சஹானா அட்டையோடு வந்து, போனில் எதையோ தட்டிப் பார்த்துவிட்டு அப்படியே நின்றாள்.

"பாட்டி, இதை யார் உனக்குக் குடுத்தா?"

"டாக்டர்தான். நரம்புக்கு."

"இது கைக்கு இல்ல பாட்டி. இது மோனேர் ஓஷுத். மனசுக்கு. டென்ஷன், பயம் அதுக்கெல்லாம் குடுக்கறது."

மனசுக்கா? என் மனசுக்கா? விரல் மரத்துப்போனால் மனசுக்கு மருந்தா? பத்து மாசமா இந்த வீட்டுல என்னைப் பைத்தியம்னு நினைச்சிண்டிருந்தாளா எல்லாரும்?

எழுத முடியவில்லை. கோபமா, கையா, தெரியவில்லை.

ஜூன் 24, திங்கள்

காலையில் வைத்தியை ஆபீஸுக்குப் போக விடவில்லை. வாசற்கதவில் நாற்காலி போட்டு உட்கார்ந்தேன்.

"சொல்லு. என்னன்னு சொல்லி அந்த மாத்திரையை வாங்கிக் குடுத்தே?"

"நான் ஒண்ணும் சொல்லலம்மா. நீதான் டாக்டர்கிட்ட சொன்னே. ராத்திரி என் கை செத்துப்போறது, விடிஞ்சு உதறினா உயிர் வரதுன்னு. அவர் வேற என்ன நினைப்பார்?"

"செத்துப்போறதுன்னு நான் எப்போடா சொன்னேன்? மரத்துப்போறதுன்னேன்!"

"பெங்காலியில நீ சொன்னது 'ஹாத் மோரே ஜாய்'. மோரேன்னா சாகறதும்மா. மரத்துப்போறதுக்கு 'ஒபோஷ்'னு சொல்லணும்."

ஐம்பது வருஷமாகக் கல்கத்தாவில் இருக்கிறேன். மரத்துப்போவதும் மோரே ஜாய் என்பதும் ஒரே வார்த்தைதான், இவர்கள் கொஞ்சம் மாற்றிச் சொல்கிறார்கள் என்றே நினைத்திருந்தேன். பக்கத்து ஃப்ளாட்டில் எத்தனை தடவை "என் கால் மோரே கேச்சே" என்று சொல்லியிருப்பேன்! சிரிப்பார்கள். ஒருத்தர் திருத்தவில்லை.

சரி, தப்பு என்னுடையது. அஞ்சாங்கிளாஸ். பெங்காலியைக் கறிகாய்க் கடையில் கற்றுக்கொண்டவள். ஆனால் இவன்? இங்கேயே பிறந்தவன். அவனுக்குத் தமிழைவிட பெங்காலி நன்றாக வரும்.

"ரெண்டு பாஷையும் தெரிஞ்சவன் நீ பக்கத்துல தானேடா உட்கார்ந்திண்டிருந்தே? அம்மா சொல்ல வந்தது இதுன்னு ஒரு வார்த்தை சொல்ல வாய் வரலையா?"

தலையைக் குனிந்துகொண்டான். "அப்பா போய் மூணு மாசம்தான் ஆகியிருந்தது. நீ சரியா சாப்பிடல, பேசல. எனக்கும் அது மனசாலதான்னு தோணித்தும்மா."

அவர் போன துக்கம் நெஞ்சில் இருக்கிறது. விரலில் இல்லை. அதுவும் மூன்றரை விரலில் மட்டும் துக்கம் வருமா?

ஜூன் 25, செவ்வாய்

யாரோடும் பேசவில்லை. கொக்கியை இடது கையாலேயே போட்டுக்கொண்டேன். அரைமணி ஆயிற்று. ஆகட்டும்.

ஜூலை 4, வியாழன்

சஹானா தேடிப்பிடித்த லேடி டாக்டரிடம் போனோம். நரம்புக்கென்றே படித்தவளாம். வைத்தியும் ஆட்டோவில் ஏறிக்கொண்டான். உள்ளே வராதே, வெளியே உட்கார் என்றேன். உட்கார்ந்தான்.

இந்தத் தடவை வாயைத் திறக்கவே இல்லை. நோட்டைப் பிரித்து மேஜைமேல் வைத்தேன். படத்தைப் பார்த்த டாக்டர் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, இங்கே பெரியம்மாவைக் கூப்பிடுகிற மாதிரி கூப்பிட்டுக் கேட்டாள். "மாஷிமா, இந்த விரலில் பாதி மட்டும் கறுப்பாக்கியிருக்கிறீர்களே, வேண்டுமென்றேயா?"

எனக்குச் சுருக்கென்றது. "நான் பொய் சொல்றவ இல்லை" என்று தமிழிலேயே சொல்லிவிட்டேன். சஹானா பெங்காலியில் எதையோ சொல்லிச் சமாளித்தாள்.

டாக்டர் சிரிக்கவில்லை. என் இரண்டு புறங்கைகளையும் ஒட்டவைத்து, மணிக்கட்டை மடக்கிக் கீழே தொங்கவிடச் சொன்னாள். நமஸ்காரத்தைத் தலைகீழாகப் போட்டதுபோல். நாற்பது எண்ணுவதற்குள் அந்த மூன்றரை விரலும் ஜிவ்வென்று எறும்பு ஊற ஆரம்பித்தது. பிறகு மணிக்கட்டின் நடுவில் விரலால் தட்டினாள். நடுவிரல் நுனிவரை கரண்ட் அடித்தது.

கதவைத் திறந்து அவளே வைத்தியை உள்ளே கூப்பிட்டாள். மணிக்கட்டில் ஒரு சந்து இருக்கிறதாம். அடியில் எலும்பு, மேலே பட்டையாக ஒரு நார். அந்தச் சந்து வழியாக ஒரு நரம்பு போகிறது. நார் தடித்து நரம்பை நசுக்குகிறது. (நரம்பு என்றால் மேலே பச்சையாகத் தெரிகிறதே அதுதான் என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன். அது ரத்தம் ஓடுகிற குழாயாம்.) அந்த நரம்பு போய்ச்சேருகிற இடம் கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல், மோதிர விரலில் பாதி. எனக்கு மட்டுமில்லை, பெரும்பாலும் எல்லாருக்கும் அப்படித்தானாம்.

"உங்கள் அம்மா பாடப் புத்தகத்தில் இருப்பதை அப்படியே வரைந்திருக்கிறார்" என்றாள் அவனிடம். அவன் படத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தான்.

சந்தோஷமாக இருந்தது. அரை நிமிஷம்தான். ஒரு வருஷம் முன்னால் வந்திருந்தால் ராத்திரியில் மணிக்கட்டுக்குப் பட்டை கட்டிக்கொண்டு படுத்தே சரியாகியிருக்கலாம் என்றாள். இப்போது சதை கரைந்துவிட்டது. டெஸ்ட் எடுத்துப் பார்த்துவிட்டு, அநேகமாக அந்த நாரை அறுத்துவிட வேண்டும். இனிமேலும் விட்டால் கட்டைவிரல் பிடிக்கவே பிடிக்காது.

ஜூலை 9, செவ்வாய்

கையில் ஒயர் ஒட்டிக் கரண்ட் வைத்துப் பார்த்தார்கள். சுளீர் சுளீரென்று கை தானாகத் துள்ளுகிறது. சுண்டுவிரலுக்குச் சட்டென்று போய்விடுகிறதாம். நடுவிரலுக்கு மணிக்கட்டு வரை வந்து, சிக்னல் கிடைக்காத லோக்கல் ரயில்போல நின்று நின்று போகிறது. பேப்பரில் கோடு கோடாக வந்தது. "ரொம்ப அதிகமாவே நசுங்கியிருக்கும்மா" என்று வைத்தி படித்துச் சொன்னான். இவன் படித்துச் சொல்லித்தான் எனக்குத் தெரிய வேண்டுமாக்கும்.

ஜூலை 22, திங்கள்

அறுத்தாயிற்று. சஹானா எழுதுகிறாள், நான் சொல்லச் சொல்ல. தமிழ் எழுத்துக்கூட்டி எழுத இவளுக்கு இரண்டு வார்த்தைக்கு ஒரு நிமிஷம் ஆகிறது, அதனால் சுருக்கமாக. கைக்கு மட்டும் ஊசி. முழித்துக்கொண்டுதான் இருந்தேன். இருபது நிமிஷம்.

ஜூலை 24, புதன்

இடது கை. கோணல் எழுத்து. இரண்டு ராத்திரியாக உதறவில்லை.

ஆகஸ்ட் 5, திங்கள்

தையல் பிரித்தார்கள். உள்ளங்கை அடியில் அழுத்தினால் வலிக்கிறது, அது போகுமாம். திரும்பி வரும்போது ஆட்டோவை பவானிபூருக்கு விடச் சொன்னேன்.

"அங்கே எதுக்கும்மா?"

"அந்த முதல் டாக்டரைப் பார்க்கணும்."

"வேண்டாம்மா. சண்டை போடாதே."

"நீ வேணும்னா இறங்கிக்கோ."

இறங்கவில்லை. கூடவே வந்தான். டோக்கன் எடுத்துக் காத்திருந்துதான் உள்ளே போனேன், யாரையும் முந்தவில்லை. டாக்டருக்கு என்னை ஞாபகமில்லை. தழும்பைக் காட்டி, "டாக்டர்பாபு, ஹாத் மோரேனி" என்றேன். கை சாகவில்லை.

வைத்தி விஷயத்தைச் சொன்னான். ஒன்றையும் பூசி மெழுகாமல், தான் சும்மா உட்கார்ந்திருந்ததையும் சேர்த்தே சொன்னான். அதை நான் எதிர்பார்க்கவில்லை.

டாக்டர் பேனாவை மூடினார். "மாஷிமா, பாஷையில் வந்த பிசகு."

"வார்த்தை என் தப்பு, ஒத்துக்கறேன். ஆனா நீங்க அன்னிக்கு என் கையை ஒரு தடவைகூடத் தொட்டுப் பார்க்கல. தொட்டுப் பார்க்க எந்த பாஷை வேணும்?"

இதைத் தமிழில்தான் சொன்னேன். வைத்தி ஒரு வார்த்தை விடாமல் பெங்காலியில் சொன்னான்.

அவர் கையை நீட்டச் சொன்னார். நீட்டினேன். கட்டைவிரல் அடியில் இருந்த குழியைத் தடவிப் பார்த்தார். "இது திரும்பி வருமா?" என்று என்னையே கேட்டார். முழுதாக வராது என்று சொல்லியிருக்கிறார்கள் என்றேன். மன்னிப்பு என்ற வார்த்தை அவர் வாயிலிருந்து வரவில்லை. நானும் உட்காரவில்லை.

செப்டம்பர் 19, வியாழன்

ஹேர்பின் குத்தியும் தெரியாமலிருந்த நடுவிரல் நுனியில் கொசு கடித்து மத்தியானத்திலிருந்து அரிக்கிறது. எங்கள் பேட்டை டாக்குரியாக் கொசுவுக்குக் கடிக்க வேறு இடமே கிடைக்கவில்லையா?