பிராகோவுக்குச் சொன்ன விலை

குமாசி, சுவாமே மேகசின் பட்டறைப் பேட்டை
ஞாயிறு, சர்ச் முடிந்து வந்தபின்

என் அடோமாவுக்கு,

இந்தக் கடிதம் உன் கைக்கு வரும்போது நீ சளி காய்ச்சல் எதுவும் இல்லாமல், நேரத்துக்குச் சாப்பிட்டு நன்றாக இருக்க வேண்டும் என்று கும்பிட்டுவிட்டுத்தான் எழுத உட்கார்ந்தேன். இங்கே உன் அப்பாவுக்கு முழங்கால் வலி கொஞ்சம் தேவலை. எனக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை, வயிற்றெரிச்சல் மட்டும்தான், அதுவும் மிளகாயால் வந்ததில்லை, பக்கத்துக் கடை பிராகோவால் வந்தது. போனில் சொன்னால் கத்திவிடுவேன், நீயும் ஆபீசில் வேலை இருக்கிறது என்று வைத்துவிடுவாய், அதனால்தான் பாஸ்டர் மகன் நீ இருக்கிற துருக்கிக்குப் புறப்படுகிறான் என்று கேள்விப்பட்டதும் பேனாவைத் தேடி எடுத்தேன்.

போன வருஷக் கடைசியில் டாலர் ஏறின ஏற்றம் உனக்குத் தெரியும். காலையில் சொன்ன விலை சாயந்திரம் செல்லாது. அலுமினியச் சட்டி வார்க்கிறவர்கள் எல்லோரும், உலை விலை இன்னும் ஏறும், இப்போதே வாங்கிப் போட்டால்தான் உண்டு என்று தவித்துக்கொண்டிருந்தார்கள். அப்போது நீ கூப்பிட்டு, "அம்மா, இப்ப வாங்காதே, எங்க கம்பெனி கிடங்குல உலையெல்லாம் விக்காம தேங்கிக் கிடக்கு, டாலருக்கு எதிரா நம்ம சீடிப் பணமும் தேறிடும் போலிருக்கு, ஈஸ்டர் வரைக்கும் பொறுத்துக்கோ" என்றாய். நான், "நீ பிறக்கறதுக்கு முன்னாலேருந்து உலை விக்கிறேன், எனக்கு நீ வியாபாரம் சொல்லித் தராதே" என்று வைத்துவிட்டேன். சொன்னேன், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் இங்கே எனக்கிருந்த அவசரம் உனக்கு எப்படித் தெரியும்? வேலிக்கு அந்தப் பக்கம் பிராகோ கடையில் முமுனி உட்கார்ந்து கம்பங்கஞ்சி குடித்துக்கொண்டிருந்ததை என் கண்ணால் பார்த்தேன். ஜொங்கோவில் பெரிய சட்டிப் பட்டறை வைத்திருக்கிறாரே, அதே முமுனிதான், பட்டறையைப் பெரிதாக்கப் போகிறார், உலை தேடுகிறார் என்று ஊரெல்லாம் பேச்சு. என் கடைக்கு வந்தால் நின்றுகொண்டே பேசிவிட்டுப் போகிற மனுஷன் அவளிடம் மட்டும் உட்கார்ந்து கஞ்சி குடிக்கிறார். அவளும் நானும் ஒரே வருஷம் உலைக்கடை போட்டவர்கள், அவள் கடை வாசலில் மட்டும் எப்போதும் நிழல் இருக்கிறது. எனக்குப் பொறுக்கவில்லை. மறுநாளே டெமாவுக்குப் போய், துறைமுகத்தில் கேட்ட விலையைக் கொடுத்து எண்ணெயில் எரிகிற உலை இரண்டை லாரியில் ஏற்றி வந்து, அவள் பார்க்கட்டும் என்றே வேலியோரமாக இறக்கினேன். பார்த்தாள். "கொனாடு, ரொம்ப அழகா இருக்குடி, உனக்கு நல்ல கண்ணு" என்றாள். அந்த முகத்தில் துளிப் பொறாமை இல்லை. என்னால் சகிக்க முடியாதது அதுதான்.

அப்புறம் நீ சொன்னபடியே ஆனது. சீடி தேறியது, வாராவாரம் விலை இறங்கியது. முமுனியிடம் போனால், "அக்கா, என்ன அவசரம், இறங்கிக்கிட்டேதானே இருக்கு" என்று சிரிக்கிறார். என் உலைகள் தார்ப்பாய்க்கு அடியில் மழையில் கிடந்தன. எதிர்க்கடை வெல்டர் பயல்கள், "மாமி, அதுல ஃபுஃபுவுக்குக் கிழங்கு வேக வைக்கலாமா?" என்று கேலி செய்தார்கள். அந்த நேரம் பார்த்துப் பிராகோவுக்குக் கன்டெய்னர் வந்தது. எல்லாம் புதுக் கரண்ட் உலை. நான் எண்ணெய் உலைக்கு அழுத பணத்தைவிடக் குறைந்த விலை. மரப்பெட்டிகளில் உன் கம்பெனி பெயர் இருந்தது, தற்செயல் என்றுதான் முதலில் நினைத்தேன். அப்போது அவள் போன் அடித்தது, கையில் கிரீஸ், அதனால் ஸ்பீக்கரில் போட்டாள். "அம்மா, எல்லாம் அடிபடாம வந்துச்சா? ஈஸ்டர் வரைக்கும் பொறுத்தது நல்லதாப் போச்சில்ல?" என்று கேட்டது உன் குரல். வயதில் மூத்தவளை அம்மா என்றுதான் கூப்பிட வேண்டும், நானே உனக்குச் சொல்லித் தந்தது. ஆனால் அவ்வளவு கொஞ்சலாகக் கூப்பிட நான் சொல்லித் தரவில்லை. வீட்டுக்கு வந்து உன் அப்பாவிடம் சொல்லி அழுதால், "உங்கிட்டதானே முதல்ல சொன்னா, நீதானே போனை வச்சே" என்கிறார். அன்றைக்கு அவர் சூப்பில் மீன் போடவில்லை.

இன்னும் கேள். முமுனி அவளிடம் உலை வாங்க வந்தார். இரண்டு எடுத்தார். மூன்றாவதையும் அவர் கேட்க, பிராகோ அவர் கையைப் பிடித்து வேலிப் பக்கம் இழுத்து வந்து, "எல்லாத்தையும் கரண்ட்டுல வைக்காதீங்க, லைட் போனா பட்டறை படுத்துடும். எண்ணெய் உலை ஒண்ணு வேணும், அதுல கொனாடு எடுத்த சரக்கு மாதிரி இந்தப் பேட்டையில கிடையாது" என்று நாலு பேர் கேட்கச் சொன்னாள். அவர் என்னிடம் ஒன்று வாங்கினார், கொஞ்சம் நஷ்டம்தான், ஆனால் விற்றது. இப்போது சர்ச்சில் எல்லோரும் பிராகோவுக்கு எவ்வளவு பெரிய மனசு என்கிறார்கள். விலையிலும் ஜெயித்தாள், வாடிக்கையிலும் ஜெயித்தாள், நல்லவள் என்ற பெயரையாவது எனக்கு விட்டு வைத்திருக்கலாம்.

நன்றி சொல்லாமல் இருந்தால் ஊர் பேசும் என்று கென்கே உருண்டையும் பொரித்த மீனும் கொண்டுபோய்க் கொடுத்தேன். தின்றுகொண்டே சொன்னாள், "உன் பொண்ணு உன்னைப் பத்தியேதான் பேசுறாடி. 'எங்கம்மா நான் சொன்னா கேக்க மாட்டா, நீங்க பொறுத்திருந்தா உங்களைப் பார்த்து அவளும் பொறுப்பா'ன்னுதான் எனக்கு விலை சொன்னா. நீ அதுக்குள்ள டெமாவுக்கு ஓடிட்டே." அந்த வார்த்தையைக் கேட்டபின் அவளிடமே தண்ணீர் வாங்கிக் குடித்தேன். எனக்காகத்தான் அவளிடம் போயிருக்கிறாய். சரி. ஆனாலும் அவள் வாயால் அதை நான் கேட்க வேண்டியிருந்ததே, அது எரிகிறது, மறைக்கமாட்டேன்.

அங்கே குளிர் அதிகம் என்கிறார்கள், காலுறை இல்லாமல் தூங்காதே. இரவுச் சாப்பாட்டை விடாதே. கடவுள் உன் கையிலும் வாக்கிலும் என்றும் இருக்கட்டும், உனக்கு வருகிறவன் உன்னைவிடக் குறைவாகப் பேசுகிறவனாக இருக்கட்டும். இன்னொரு உலை வேலியோரம் நிற்கிறது, அதை இப்போதே தள்ளிவிடவா, மழை முடியும்வரை வைத்திருக்கவா, நீ சொல், நீ சொல்கிறபடி செய்கிறேன். பிராகோவுக்கும் விலை சொல், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் எனக்குச் சொன்ன பிறகு சொல். நான் கத்தினாலும் போனை வைக்காதே, கத்தி முடித்துவிட்டுக் கேட்பேன்.

உன்னைப் பெற்ற அம்மா,
கொனாடு