பீச்சஸ் போட்ட கிழமை

கொட்டாஞ்சேனை
07.09.2025, ஞாயிறு

அன்பின் இமெல்டாவுக்கு,

அந்தோனியார் புண்ணியத்தில் நான் இங்கே நடமாடிக்கொண்டிருக்கிறேன். நீரும் ஷெரினும் மருமகனும் பேரனும் அங்கே குறையில்லாமல் இருக்க வேண்டிக்கொள்கிறேன்.

ஒவ்வொரு சனிக்கிழமையும் போனில் முகம் பார்த்துக் கதைக்கிறோமே, பிறகென்ன கடிதம் என்று யோசிப்பீர். அந்தப் போனில் நாங்கள் இரண்டு பேரும் இவ்வளவு காலமும் என்ன கதைத்தோம் என்று ஒருக்கால் நினைத்துப் பாரும். சாப்பாடு, மழை, குளிர். ஷெரின் போனைப் பிடித்தபடி நிற்கிறாள். ஸ்பீக்கரில் போட்டிருக்கிறாள். மருமகன் பின்னால் நின்று பாண் வாட்டுகிறார். சின்னவன் போனை நக்கப் பார்க்கிறான். முப்பத்துநான்கு வருடம் குடும்பம் நடத்தியவளோடு சபை கூட்டியா கதைப்பது? அதுதான் பேனையை எடுத்தேன். வருகிற வெள்ளிக்கிழமை நம்முடைய பூபாலசிங்கம் கனடாவுக்கு, ஸ்காபரோவில் இருக்கிற மகனிடம் போகிறார். அவரிடம் கொடுத்துவிடுகிறேன். உறையில் உமது பெயர் மட்டும்தான் இருக்கும். நீரே பிரித்து, நீரே வாசியும்.

முதலில் வீட்டுப் புதினத்தைச் சொல்கிறேன். போன செவ்வாய்க்கிழமை காலை காளியப்பன் வந்து வாசலில் நின்றார். வழக்கம்போல நுவரெலியா மரக்கறி லொறியில் வந்து, ஜம்பட்டா வீதி முனையில் லொறியை நிறுத்திவிட்டு, தோளில் பீச்சஸ் மூட்டையோடு வந்திருக்கிறார். நீர் அங்கே கொன்வென்றில் படிப்பித்த காலத்து மாணவன், டீச்சருக்குப் பீச்சஸ் கொண்டுவர ஒரு வருடமும் தவறாத மனுஷன். டீச்சர் இன்னும் கனடாவிலிருந்து வரலீங்களா சார், மூணு மாசம்னுதானே சொன்னாங்க என்று கேட்டார். மூன்று மாதம் என்று நீர் சொன்னதை அவரும் நம்பியிருக்கிறார், நானும் நம்பினேன். மூட்டையைத் திருப்பிக் கொண்டுபோகச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. கோப்பி குடிக்கவும் நிற்காமல் போய்விட்டார்.

அன்று முழுக்க நான் குசினிப் பக்கமே போகவில்லை. ஆனால் பீச்சஸ் பழம் ஆளுக்காகக் காத்திருக்குமா? அடுத்த நாள் வீடெல்லாம் வாசம், எறும்பும் வந்துவிட்டது. பக்கத்து வீட்டுப் பேதுரு எட்டிப் பார்த்து, அக்கம்பக்கத்துக்குப் பங்கிட்டுவிடு, உனக்கேன் இந்த வேலை என்றான். அவன் சொன்னது நியாயம்தான். ஆனால் பிள்ளை பிறந்த வருடமும், வெள்ளம் வந்த வருடமும், வெளியில் போகமுடியாமல் வீட்டுக்குள் அடைந்து கிடந்த வருடமும் இந்த வீட்டில் டிசம்பரில் நத்தாருக்குப் போத்தலில் போட்ட உமது பீச்சஸ் இருந்தது. நான் இருக்கும்போது அது தவறக்கூடாது என்று ஒரு வீம்பு பிடித்துக்கொண்டது. அறுபத்தெட்டு வயதில் வருகிற வீம்பு பொல்லாதது.

வினாகிரியும் சீனியும் கறுவாப்பட்டையும் கராம்பும் வாங்கி வந்தேன். கொதிதண்ணீரில் போட்டெடுத்துத் தோலை உரித்தேன். அதுவரையில் எல்லாம் சரி. பிறகு கொட்டையை எடுக்கப் பார்த்தேன். அந்த மலைநாட்டுப் பீச்சஸ் கல்லுப்போல, சதை கொட்டையை விடுவேனா என்கிறது. கத்தியால் கிண்டி, கரண்டியால் தோண்டி, பெருவிரலையும் வெட்டிக்கொண்டு, மூட்டையில் கால்வாசியைச் சிதைத்த பிறகுதான் ஞாபகம் வந்தது: ஒவ்வொரு நத்தாருக்கும் மஞ்சள் சோற்றுக் கோப்பையின் ஓரத்தில் நான் சப்பித் துப்பின கொட்டைகளை அடுக்கி வைப்பேனே! நீர் கொட்டையோடுதான் போடுவீர்! தின்னத் தெரிந்த எனக்கு அதைப் பார்க்கத் தெரியவில்லை. குசினியில் தனியே நின்று சிரித்தேன். நீர் இருந்திருந்தால் இதை ஊர் முழுக்கச் சொல்லி முடித்திருப்பீர்.

உம்மிடம் போனில் கேட்டிருக்கலாம். கேட்கவேண்டாம் என்றுதான் விட்டேன். கேட்டால் இடுப்பில் பிள்ளையை வைத்துக்கொண்டு, அடுப்பில் ஒரு கண்ணை வைத்துக்கொண்டு, எனக்கும் வகுப்பெடுப்பீர். உமக்கு அங்கே இருக்கிற வேலை போதும்.

ஒவ்வொரு பழத்திலும் ஒரு கராம்பு குத்தி, பாகில் அவித்து, அன்றைக்கே போத்தலில் அடைத்து மூடிவிட்டு நிம்மதியாக இருந்தேன். விடிந்து பார்த்தால் பாகு தண்ணீராய்க் கிடக்கிறது, பழம் மேலே மிதக்கிறது. சட்டியை ஓர் இரவு பாகோடு அப்படியே மூடி வைப்பீர், திறந்து பார்க்கப் போனால் கையில் அடி விழும் என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. திரும்ப எல்லாவற்றையும் சட்டியில் கொட்டி, ஊறவிட்டு, மறுநாள் பாகை மட்டும் வற்றக் காய்ச்சி, போத்தல்களைத் திரும்ப அவித்து, சூட்டோடு சூடாக ஊற்றி மூடினேன். இப்போது பரவாயில்லை. உம்முடையதைப் போல நிறம் வரவில்லை, கொஞ்சம் கறுத்துப்போனது. பேதுரு ஒன்றைத் தின்று பார்த்தான். இன்னொன்றை எடுத்தான்.

இமெல்டா, இது எவ்வளவு அலுப்புப் பிடித்த வேலை! நின்று நின்று கால் வீங்கிவிட்டது. உரித்து உரித்து வலது மணிக்கட்டு இரண்டு நாள் பாணைப் பிய்க்கவும் விடவில்லை. நீர் பள்ளிக்கூடம் விட்டு வந்து, ஷெரினைக் குளிப்பாட்டி, எனக்குச் சோறும் போட்டுவிட்டு அல்லவா இதைச் செய்தீர்? ஒரு நாளும் கை நோகிறது என்று சொன்னதில்லை. மணிக்கட்டுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டு இருந்தபோதுதான் எனக்கு உமது கை நினைவுக்கு வந்தது. போன சனிக்கிழமை பிள்ளையைக் கை மாற்றும்போது, சுவெற்றர் கை மேலே போனது. மணிக்கட்டில் கட்டுப் போட்டிருந்தீர். நான் பார்த்ததைக் கண்டு உடனே இழுத்து மூடினீர். நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஒன்றுமில்லை என்றுதான் சொல்லியிருப்பீர்.

செவ்வாய்

ஞாயிற்றுக்கிழமை அந்த இடத்தில் பேனையை மூடிவிட்டேன். எழுதவேண்டியது கிட்ட வந்ததும் எனக்குத் தண்ணீர் விடாய் எடுத்தது, பிறகு நித்திரை வந்தது. துறைமுக அலுவலகத்தில் வேலை பார்த்த அத்தனை வருடமும் எத்தனையோ கடிதம் எழுதினவன், இதை எழுத இரண்டு நாள் சுற்றுகிறேன்.

பிளேன் ரிக்கற் கதைதான். மூன்று சனிக்கிழமைக்கு முன் ஷெரின் கேட்டாளே, நினைவிருக்கும். திரும்பி வருகிற ரிக்கற்றின் ஒரு வருடத் தவணை நவம்பரோடு முடிகிறது, சின்னவனுக்கு டேகெயாரில் இடம் கிடைக்க இன்னும் ஒரு வருடம் ஆகும், அம்மா நிற்கட்டுமா, செப்டம்பர் முடிவதற்குள் சொல்லவேண்டும் என்றாள். நீர் பின்னால் நின்று அப்பாட விருப்பம் என்றீர். நான் அம்மா என்ன சொல்லுறாவோ அதுதான் என்றேன். அவர் ஓமெண்டால் எனக்கென்ன என்றீர். அவவுக்குச் சரியெண்டால் எனக்கும் சரி என்றேன். அப்ப சரி, ரெண்டு பேருக்கும் ஓம் என்று ஷெரின் சொல்லிவிட்டுப் பிள்ளையைக் குளிக்கவார்க்கப் போய்விட்டாள்.

நாங்கள் இரண்டு பேருமே ஓம் என்று சொல்லவில்லை. ஒருவருக்கொருவர் மரியாதை செய்தோம், அவ்வளவுதான். நீங்கள் ஏறுங்கோ, நீங்கள் ஏறுங்கோ என்று சொல்லிச் சொல்லியே பஸ்ஸை விடுகிற ஆட்களைப் போல. அன்றைக்கு என் வாயில் வந்ததை விழுங்கினேன். மருமகன் நிற்கிறார், மனுசி இல்லாமல் இருக்கமுடியாத கிழவன் என்று நினைப்பாரோ என்று ஒரு வெட்கம். அந்த வெட்கத்துக்கு ஒரு வருடம் விலை என்பது போனை வைத்த பிறகுதான் விளங்கியது. அதற்குப் பிறகு வந்த இரண்டு சனிக்கிழமையும் நீர் சரியாக முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. வந்து தலையைக் காட்டிவிட்டுப் போய்விட்டீர். இவர் என்னை வேண்டாமென்று விட்டார் என்று நினைத்துவிட்டீரோ என்று எனக்குப் பயமாக இருக்கிறது.

ஷெரினைக் குறை சொல்ல எனக்கு மனம் இல்லை. இரவு வேலைக்குப் போய் வந்து பகலில் பிள்ளையோடு மல்லுக்கட்டுகிறாள். அவளுடைய கஷ்டம் எங்கள் கஷ்டம்தான். ஆனால் மருமகனின் தாயார் தானும் ஒரு முறை வந்து பேரனோடு நிற்க ஆசைப்படுகிறா என்று நீரே சொன்னீர். அவவுக்கும் ஒரு இடம் விடத்தானே வேண்டும்.

இதைப் பேதுருவிடம் வாய்விட்டுச் சொன்னேன். அவன் உடனே வழி சொன்னான். பிரஷர் கூடிப்போச்சு, தலை சுத்துது எண்டு எழுது, மனுசி அடுத்த பிளேனில வந்து நிற்பா என்றான். உண்மையைச் சொல்கிறேன், எனக்கும் அந்த ஆசை வந்தது. எழுதியும் பார்த்தேன். பிறகு அந்தத் தாளைக் கிழித்துப் போட்டேன். ஏனென்றால் நீர் வருவீர். பதறிக்கொண்டு வருவீர். வந்த கையோடு எனக்குக் கஞ்சி வைப்பீர், குளிசை எண்ணிக் கொடுப்பீர், அந்தக் கட்டுப் போட்ட கையாலேயே என் காலைப் பிடித்துவிடுவீர். அங்கே ஆயா வேலை, இங்கே தாதி வேலை. உம்மைக் கூப்பிடுகிற எல்லோரும் ஏதாவது ஒரு வேலைக்குத்தான் கூப்பிடுகிறோம். நானும் அப்படிக் கூப்பிட்டால் எனக்கு வெட்கமில்லையா?

ஆகவே உள்ளதை உள்ளபடி எழுதுகிறேன். போன மாதம் டொக்டரிடம் காட்டினேன், பிரஷர் சரி, சீனி சரி. மத்தியானம் கடைச் சாப்பாட்டுப் பார்சல், இரவில் பாணும் பருப்பும். உப்புக் கூடினாலும் உடம்புக்கு ஒத்துக்கொள்கிறது. வீடு கூட்ட கிழமைக்கு இரண்டு தரம் ஒரு பிள்ளை வருகிறது. கரண்ட் பில், தண்ணீர் பில் எல்லாம் நேரத்துக்குப் போகிறது. நத்தாருக்கு வேண்டிய பீச்சஸும் அலுமாரிக்குள் ஏறிவிட்டது. ஷெரினுக்கு இரண்டு போத்தல் பூபாலசிங்கத்திடம் கொடுக்கிறேன், அம்மா போட்டது மாதிரி இராது, அப்பா போட்டது என்று சொல்லும்.

ஒன்று மட்டும் இல்லை. காலையில் எழும்பி, இன்றைக்கு வெயில் பொல்லாதது என்று சொல்ல ஆள் இல்லை. அந்தோனியார் கோயிலுக்குப் போய்வந்து, அங்கே யார் யாரைக் கண்டேன் என்று சொல்ல ஆள் இல்லை. இஞ்சருங்கோ என்று யாரும் கூப்பிட்டு இந்த வீட்டில் எவ்வளவு காலம்! இதைத் தனிமை என்று பெரிய பேர் வைத்துச் சொல்ல எனக்குத் தெரியாது. களைத்துப்போனேன், இமெல்டா. ஒரு வேலையும் செய்யாமலே களைத்துப்போனேன். நீர் வேலை செய்து களைத்திருக்கிறீர் என்பதும் எனக்குத் தெரிகிறது. களைத்த இரண்டு பேரும் உலகத்தின் இரண்டு கரையில் இருந்து என்ன செய்கிறோம்?

வருகிற சனிக்கிழமை இந்தக் கடிதம் உம் கைக்கு வந்திருக்குமோ தெரியாது. அதற்கடுத்த சனிக்கிழமை ஷெரின் ஸ்பீக்கரில் போட்டாலும் சரி, மருமகன் நின்றாலும் சரி, அங்கே ஊரே கூடி நின்றாலும் சரி, அம்மா திரும்பி வரவேண்டும், எனக்கு அவ வேணும் என்று நான் வாய் திறந்து சொல்லுவேன். பிறகு உம்மிடம் கேட்பேன். அப்போது தயவுசெய்து அப்பாட விருப்பம் என்று மட்டும் சொல்லவேண்டாம். ஓம் என்றால் ஓம். உமக்குப் பேரனை விட்டுவர மனமில்லை என்றால், இல்லை என்றே சொல்லும், நான் கோபிக்கமாட்டேன். இன்னும் ஒரு வருடம் பொறுத்துக்கொள்ள என்னால் முடியும். ஆனால் அது உமது வாயால் வந்த பதிலாக இருக்கவேண்டும், எனக்காக விட்டுக்கொடுத்ததாக இருக்கக்கூடாது.

மாதா உமக்குத் துணையிருப்பா. அந்தக் கைக்கு ஓய்வு கொடும். பிள்ளையை இறக்கிவிடும், அழுதால் கொஞ்சம் அழட்டும்.

எனக்கு நோய் ஒன்றும் இல்லை. வீட்டில் உமக்கு வேலை ஒன்றும் இல்லை. சும்மா வாரும்.

உம்முடைய
யோசவாஸ்