மாடி வீட்டுக்காரியின் கையெழுத்து

மார்ச் 4
கடையில் மெஷினுக்குள் பேப்பர் சிக்கிக்கொண்டது. இழுத்து எடுத்தால் அரசாணை: எங்கள் தெருமுனைப் பள்ளியை மூடி, நெடுஞ்சாலைக்கு அந்தப் பக்கப் பள்ளியோடு சேர்க்கிறார்களாம். அந்தச் சாலையைக் கடக்க எனக்கே நடுங்கும். என் சின்னவளுக்கு மூன்று வயது.

மார்ச் 6
வழக்குப் போடப்போகிறேன். கோர்ட் வாசலில் பத்து வருடமாக ஜெராக்ஸ் கடை. நான் பார்க்காத மனுவா?

"நகலெடுக்கிறவ எல்லாம் வக்கீல்னா, நம்ம மெஷின் ஜட்ஜாயிடும்" என்கிறார் என் வீட்டுக்காரர். வாய்க்குக் குறைச்சல் இல்லை.

மார்ச் 19
மனு தள்ளுபடி. மூடுவது சரியா தப்பா என்ற பேச்சே வரவில்லை. "இதுல உங்களுக்கு என்ன பாதிப்பு?" என்றுதான் நீதிபதி கேட்டார். பெரியவள் அங்கே படித்து முடித்துவிட்டாள். சின்னவள் இன்னும் சேரவில்லை. உள்ளேயும் இல்ல, வெளியேயும் இல்லன்னா, அப்ப நான் யாரு, வாசப்படியா? அழுகையா வருது. ஊரெல்லாம் பீத்திக்கிட்டு வேற போனேன்.

மார்ச் 20
நகலெடுக்க வந்த வக்கீலம்மா சொன்னார்: "இப்ப அங்க படிக்கிற பிள்ளையோட அம்மா கேட்டா, அப்படித் தள்ள முடியாதுங்க."

எங்கள் கட்டடத்தில் அப்படி ஒரே ஒருத்திதான். மாடி வீட்டுக்காரி. துணியைப் பிழியாமல் காயப்போட்டு என் ஜன்னலில் சொட்டவிடுகிற மகராசி. இரண்டு வருடமாகப் பேச்சில்லை, ஏச்சு மட்டும்தான்.

மார்ச் 22
போகவில்லை.

மார்ச் 23
போனேன். காரியம் ஆகணும்னா கழுதைக் காலையும் பிடிக்கணும். (கழுதை என்று யாரையும் சொல்லவில்லை.)

மனுவை வரி விடாமல் படித்தாள். "எம் பொண்ணு ஒண்ணாவதுங்க. அந்த ரோட்டை நினைச்சு நானும் பயந்துதான் கெடக்கேன்" என்றாள். பேனாவை வாங்கியவள் கையெழுத்துப் போடாமல் நிறுத்தினாள். "ஆனா ஒண்ணு. இனிமே துணியைப் பத்தி நீங்க வாயே திறக்கக் கூடாது."

சரி என்றேன். வேறு வழி?

ஏப்ரல் 9
கோர்ட்டில் அவள் பெயரைக் கூப்பிட்டார்கள். பாதிப்பு என்ன என்று யாரும் கேட்கவில்லை. வாதமெல்லாம் என் மண்டைக்குள், வழக்கு அவள் பேரில். பின்வரிசையில் அவள் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

ஜூன் 2
ஆணை ரத்து. மாடிப்படியிலேயே கட்டிப்பிடித்துக்கொண்டோம். அப்புறம் இருவருக்குமே வெட்கமாகிவிட்டது.

ஜூன் 12
நாளை பள்ளி திறக்கிறது. சாயங்காலம் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தேன். தலையில் சொட்டென்று தண்ணீர். எட்டிப் பார்த்தால், கொடியில் ஒரு சின்னச் சீருடை. பிழியவே இல்லை.

வாயைத் திறந்தேன். மூடிக்கொண்டு, நாற்காலியை ஓரமாக நகர்த்திப் போட்டுக்கொண்டேன்.