கழுத்தில் நான் தீட்டிய தங்கம்

இன்று காலை கலைக்கூடத்திலிருந்து வந்த ஒரு பிள்ளை பஞ்சில் டர்ப்பன்டைனைத் தொட்டு, நீர் வரைந்த படத்தின் ஓரத்தைத் துடைத்தாள். அந்த மணம் ஸ்ரௌவ்வில் நகரத்தில் இருக்கிற எங்கள் வீடு முழுக்கப் பரவியது. முன்பு நாம் இருந்த வெக்ஸ்போர்ட் அப்பார்ட்மென்டில் உம்முடைய கதவைத் திறந்தால் முதலில் வருவது இந்த மணம்தான். நீர் போய் மூன்று வருசம். இங்கே குடியேறிய எங்கள் பெண்களை அவர்கள் இருந்தபடியே முதன்முதலில் வரைந்தவர் என்று டவுன்டவுனில் ஒரு கலைக்கூடம் இப்போது உம்மைக் கொண்டாடப் போகிறதாம். படங்களைத் தேடிக்கொண்டு வீடு வீடாக வருகிறார்கள்.

நாம் சந்தித்தது கட்டடத்தின் பேஸ்மென்ட் லோண்டறியில். உமக்குப் பூனைக் கண், கையில் படம் கீறும் கொப்பி, வாயைத் திறந்தால் தஞ்சாவூர்த் தமிழ். "அப்பா தஞ்சாவூர், அம்மா ஹங்கேரி. புடாபெஸ்ட்ல நான் இந்தியாக்காரி, தஞ்சாவூர்ல வெள்ளைக்காரி. ரெண்டு இடத்துலயும் எனக்கு நாற்காலி போடல" என்றீர். "அப்ப இதில இரும்" என்று உடுப்புக் கூடையைத் தள்ளி இடம் கொடுத்தேன். நான் 'நீர்' என்று கூப்பிடும்போதெல்லாம் கூத்து ராசா பேசுகிற மாதிரி இருக்கிறது என்று சிரிப்பீர்.

ஆறு கிழமை, ஞாயிறு பின்னேரங்களில் என்னை இருத்தி வரைந்தீர். வீட்டில் போடும் சோட்டி, அதற்கு மேல் விண்டர் ஜாக்கெட், மடியில் மடிக்காத துவாய்கள், பொட்டில்லாத நெற்றி, வெறுங்கழுத்து. எங்கள் ஆட்களின் தாலிக்கொடிதான் தெரியுமே, கயிறு மாதிரித் தடிப்பு. அதை பாங்க் லொக்கரில் வைத்துவிட்டுக் கலியாண வீட்டுக்கு மட்டும் எடுத்துப் போடுவோம். ஃபக்டரியில் நின்று களைத்த முகத்தை அப்படியே போட்டீர். "கொஞ்சம் சிரிச்ச மாதிரிக் கீறுமன்" என்று கேட்டேன். "சிரிப்பை உங்க கல்யாண ஆல்பத்துல பாத்துக்கலாம். இந்த முகத்த யாரும் பாத்ததில்ல" என்றீர். முடித்ததும், நான் வரைந்ததில் இதுதான் உண்மையானது என்று சொல்லி எனக்கே தந்தீர்.

ஒரு மாதம் அது சுவரில் தொங்கியது. பிறகு அஜின்கோர்ட்டில் இருந்து மச்சாள், என் அவரின் அக்கா, வந்தா. சப்பாத்தைக் கழற்ற முன்னமே படத்தைக் கண்டுவிட்டா. "ஐயோ, என்ர தம்பி குத்துக்கல்லு மாதிரி இருக்கேக்க உதென்ன வெறுங்கழுத்தோட? சனம் என்ன சொல்லும்?"

"படந்தானே அக்கா, விடுங்கோ" என்றார் என் அவர். என்னால்தான் விட முடியவில்லை. பெரிய பிள்ளையான மகளுக்குத் தண்ணீர் வார்த்துச் சடங்கு செய்ய நாள் வைத்திருந்தோம், வீட்டுக்குச் சனம் வரும். டொலர் கடையில் தங்கநிறப் பெயின்ற் ஒரு சின்னப் போத்தல் வாங்கினேன். உம்மிடம் ஒரு சொல் கேட்கவில்லை. படத்தைக் குசினி மேசையில் கிடத்தி, என் கழுத்தில் நானே தாலிக்கொடி கீறினேன். சிவப்பு நகப்பூச்சால் பொட்டும் வைத்தேன். வடிவாயிருக்கு என்று வேறு நினைத்தேன், விசரி.

அன்றைக்கு நீர் சேலை கட்டிக்கொண்டு வந்தீர். பலகாரத் தட்டோடு படத்தின் முன் நெடுநேரம் நின்றீர். "சனத்துக்காகத்தான், கோவிக்காதையும்" என்றேன். நீர் கோபிக்கவில்லை. "நான் பாத்தவங்க இவங்க இல்ல" என்று மட்டும் சொன்னீர். பிறகு மகளை வாழ்த்தி, சாப்பிட்டுவிட்டுப் போனீர். லோண்டறியில் கண்டால் பழையபடி கதைப்பீர், ஆனால் கொப்பியைத் திறக்கவேயில்லை. அதற்குப் பிறகு கட்டடத்தில் ஒரு பெண்ணையும் நீர் வரையவில்லை. கதிரை, ஜன்னல், பனி, அவ்வளவுதான். மன்னிப்புக் கேட்கவேண்டும் என்று எத்தனை தரம் போனைக் கையில் எடுத்தேன்! நாளைக்கு, நாளைக்கு என்று தள்ளித் தள்ளி, கடைசியில் உம்முடைய செத்தவீட்டில் பெட்டிக்குப் பக்கத்தில் நின்று அழுதேன். அதால் உமக்கு என்ன பிரயோசனம்?

இன்று வந்த பிள்ளை இங்கே பிறந்தவள், பழுதான படங்களைத் திருத்துவது அவள் வேலை. கழுத்தை உற்றுப் பார்த்தாள். "அன்ரி, இந்தக் கோல்ட் பிறகு போட்டது, ரைட்? எடுத்தா கீழ இருக்கிற பெயின்ற்றும் சேர்ந்து வந்திடும். ஐ ஆம் சொறி. இப்பிடியே வைப்பம், ஆர்ட்டிஸ்ற்தான் மாத்தினவ எண்டு எல்லாரும் நினைப்பினம்."

திறப்பு விழாவுக்கு மச்சாள் வருவா, மகள் வருவாள், தெரிந்த சனம் எல்லாம் வரும். அத்தனை பேரும் அது உம்முடைய கை என்று நினைப்பார்களா?

"இல்லைப் பிள்ளை" என்றேன். "படத்துக்குக் கீழ ஒரு மட்டை வைப்பியள்தானே, அதில எழுதுங்கோ. தாலியும் பொட்டும் கீறினது ஆர்ட்டிஸ்ற் இல்லை. படத்தில இருக்கிற மனுசிதான், கேக்காமக் கீறினவ. என்ர பேரையும் முழுசாப் போடுங்கோ."

"ஆர் யூ ஷுவர், அன்ரி?"

"ஓம்."

உமக்குச் சொல்லவேண்டியதை ஊருக்குச் சொல்லிவிட்டேன். வாசிக்க ஊர் வரும். நீர் வரமாட்டீர் என்பதைத்தான் சுமந்துகொண்டிருக்கிறேன்.