மங்கலாக வந்த கடைவாசல்

தம்பிக்கு,

நீ சொன்னபடி உன் கேமராவை இன்று விற்றுவிட்டேன். உன் மனைவி யோகேஸ்வரி இதை உனக்கு நிதானமாகப் படித்துக் காட்டட்டும்.

வாங்கியவர் ஸ்ரீவில்லிபுத்தூரில் கல்யாண வீடியோ எடுக்கிற ஜபருல்லா. "அண்ணாச்சி, அந்தப் பேய்ப் படமும் தம்பி எடுத்ததா? காமெடிப் படமும் அவியதானா? ரெண்டும் ஒரே கைன்னு யாரு சொல்லுவா!" என்றார். பேண்டேஜ் துணி விற்கிற எனக்கு உன் கையின் அருமை இத்தனை நாள் தெரியவில்லை.

சோதிக்காமல் எந்தப் பொருளையும் நான் கைமாற்றுவதில்லை. கார்டில் இருந்ததை ஓட்டிப் பார்த்தேன். கடைசியாக, பொங்கலுக்கு வந்தபோது நீ எடுத்த என் கடைவாசல் இருந்தது. முழுக்க மங்கல். வாசலில் நிற்பது நான்தானா என்றே தெரியவில்லை. "எப்படிலே வந்திருக்கு?" என்று நான் கேட்பதும், "அருமையா இருக்குண்ணே" என்று நீ சொல்வதும் மட்டும் தெளிவாகக் கேட்கின்றன.

உன் பார்வை போகிறது என்று டாக்டர் சொன்னது சித்திரையில். அப்படியானால் மூன்று மாதம் யாரிடமும் சொல்லாமல் இருந்திருக்கிறாய். துணியில் ஓர் இழை விட்டிருந்தாலும் கண்டுபிடிக்கிற நான், எதிரே நின்ற உன் கண்ணைக் கவனிக்கவில்லை.

ஜபருல்லா மெமரி கார்டையும் சேர்த்துக் கேட்டார். கொடுக்க மனமில்லை. அதற்காக ஐயாயிரம் குறைத்தார், நானும் பேரம் பேசவில்லை. கார்டு நீங்கலாக, ஒரு லட்சத்து எழுபத்தைந்தாயிரத்துக்கு முடித்தேன்.

உன் அண்ணன்